மரண அறிவித்தல் செலீன்

செலீன் அக்காவை நான் முதலில் சந்தித்தது ரொறன்ரோவின் டோர்செட் பார்க்கில், எங்கள் கட்டடத்து லிஃப்டில். "எத்தினையாம் மாடி தம்பி?" என்றுதான் கேட்டார். பக்கத்தில் நின்ற அருள்நாயகம் அங்கிள் திடுக்கிட்டு நெஞ்சில் கையை வைத்துவிட்டார். லண்டன் தமிழ்த் தொலைக்காட்சியில் பதினொரு வருடம் மரண அறிவித்தல் வாசித்த குரல் அது.

அதில் பெரிய புகழ் ஒன்றும் இல்லை. தொடக்கத்தில் அரை நிமிடம் அக்காவின் முகம் தெரியும், பிறகு இறந்தவரின் படந்தான். கலியாண வீடுகளில் அவரிடம் ஒருவரும் மைக் கொடுத்ததில்லை. எழுதித் தந்ததில் ஒரு சொல்லைக் கூட்டவும் மாட்டார், குறைக்கவும் மாட்டார். முடிவில் வரும் "வாசித்தவர் செலீன்" மட்டுந்தான் அவருடைய சொந்த வசனம்.

ஒருமுறை யோகமலர் என்றொரு பெண், தகப்பனின் அறிவித்தலில் வீட்டார் தன் பெயரை விட்டுவிட்டார்கள், ஒருக்காச் சேர்த்துச் சொல்லுங்கோ என்று போனில் அழுதிருக்கிறாள். அக்கா மறுத்துவிட்டார். "குடும்பம் எழுதித் தாறதைத்தான் வாசிக்கலாம், தங்கச்சி." இதை என்னிடம் சொன்னபோது அவர் கண் கலங்கிவிட்டது.

அக்காவின் வீட்டிலும் அதே கதைதான். கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்து சைவக்காரர் ஒருவரைப் பதிவுத் திருமணம் செய்ததற்காக, ரொறன்ரோவில் இருந்த அண்ணன் அமிர்தநாதர் அவரோடு பேசுவதை விட்டார். தாயையும் பேச விடவில்லை. தாய் திரேசம்மா ஒவ்வொரு நாளும் லண்டன் மரண அறிவித்தலைத் தவறாமல் பார்த்தாராம். கிழவிக்குச் சாவிலே அப்படி ஒரு ஆசை என்று வீட்டில் சிரித்தார்கள். அந்த அரை நிமிடத்துக்காகத்தான் பார்க்கிறார் என்று ஒருவருக்கும் விளங்கவில்லை.

தாய்க்கு இயலாமல் போனதும் அக்கா இங்கே குடிவந்தார். அண்ணன் வேலைக்குப் போன நேரம் பார்த்து, தாய் இருந்த முதியோர் இல்லத்துக்குப் போய்வருவார். நான் வேலை செய்யும் ஸ்காபரோத் தொலைக்காட்சியில் பின்னேரம் அறிவித்தல் வாசித்தார்.

போன திங்கட்கிழமை திரேசம்மா இறந்தார். "அம்மாவின்ரையை நான்தான் வாசிப்பன்" என்று அக்கா புதன்கிழமை வந்து நின்றார். நேரலைக்குப் பத்து நிமிடம் இருக்க அமிர்தநாதரின் மின்னஞ்சல் வந்தது. நான் மடையன், வாசித்துப் பாராமல் அச்செடுத்துக் கையில் கொடுத்துவிட்டேன்.

அக்காவின் விரல் ஓர் இடத்தில் நின்றது. எட்டிப் பார்த்தேன். 'அமிர்தநாதரின் பாசமிகு தாயாரும்.' அவ்வளவுதான். மகள் என்று ஒருத்தி பிறக்கவே இல்லை. நான் கணினியில் அந்த மின்னஞ்சலைத் திரும்பத் திறந்தேன்.

"உவனெல்லாம் ஒரு மனிசனே? நான் உங்கட பேரைச் சேர்த்து அடிச்சுத் தாறன், அக்கா."

"வேண்டாம் தம்பி. யோகமலருக்கு நான் சேர்க்கேல்லை."

"அப்ப வேற ஆளை வாசிக்கச் சொல்லுறன்."

அக்கா தாளோடு போய்க் கமெராவுக்கு முன்னால் இருந்தார்.

வாசித்தார். பேசாலையைப் பிறப்பிடமாகவும் என்று தொடங்கி, பேரப்பிள்ளைகள், பூசை நேரம், அடக்கம் நடக்கும் சேமக்காலை, தகவல் மகன் அமிர்தநாதர் என்பது வரை ஒரு சொல் பிசகவில்லை. குரலும் உடையவில்லை. விளம்பரத்துக்கு மாற்றப் பொத்தானில் கை வைத்தேன். அக்கா கையை உயர்த்தி மறித்தார். கமெராவை நேரே பார்த்தார்.

"வாசித்தவர், மகள் செலீன்."