வாய்க்காலில் விழுந்த மாப்பிள்ளை

ஜோக் புத்தகம் வாங்கி வைத்துக்கொண்டு சிரிப்பவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். முகம் தெரியாத எவனோ ஒருவன் வழுக்கி விழுந்தால் எப்படி ஐயா சிரிப்பு வருகிறது? எங்கள் நீடாமங்கலம் பக்கத்தில் சிரிக்க, தெரிந்த ஆள் வேண்டும். டீக்கடையில் நக்கல், கட்சி மேடையில் அடுக்குமொழி நையாண்டி, கல்யாண வீட்டில் மச்சானை மச்சான் வாருகிற முறைக் கேலி. எல்லாவற்றுக்கும் மேலே நடவு வயல் கேலி. நாற்று நடுகிற பெண்கள் வரப்பில் வருகிற யாரையும், பண்ணையாரே ஆனாலும், பாட்டுக் கட்டி வாரலாம். அவர் பதிலுக்குப் பதில் கொடுக்க வேண்டும். வாய் திறக்காமல் போனாலோ கோபித்துக்கொண்டாலோ ஊரே சிரிக்கும். மற்ற நேரத்தில் கைகட்டி நின்ற எங்களுக்கு வயலில் இறங்கிவிட்டால் வாய்க்குப் பூட்டில்லை. அதில் கொடிகட்டிப் பறந்தவள் என் அம்மா.

குடியிருக்கும் மனை குடியிருப்பவருக்கே என்று சட்டம் வந்த புதிது. எங்கள் குடிசை பண்ணையாரின் திடலில் இருந்தது. நான் பிறந்ததே அதற்குள்தான். பட்டா கேட்டு மனுக் கொடுத்தோம். பண்ணையாரோ, நாங்கள் போன நடவுக்குக் கூலிக்கு வந்த வெளியூர் ஆட்கள் என்று தம் காரியஸ்தரை விட்டுச் சொல்ல வைத்தார். மறுக்க எங்களிடம் ஒரு துண்டுக் காகிதம் கிடையாது. மனு தள்ளுபடியானால் சட்டி பானையோடு ரோட்டில் நிற்க வேண்டியதுதான்.

விசாரணைக்கு ரெவின்யூ இன்ஸ்பெக்டர் வந்த காலையில் நாங்கள் நடவில் இருந்தோம். முன்னே அவர், பின்னே குடையோடு காரியஸ்தர்.

“இவங்கதான் சார் அந்த வெளியூர்க்காரங்க. எனக்கு முகமே பழக்கமில்ல” என்றார் காரியஸ்தர், எங்கள் காது கேட்கவே.

எனக்கு ஆத்திரம் பொங்கியது. அம்மா நிதானமாக நிமிர்ந்தாள். ஒரு நாற்று முடியை எடுத்து வரப்பின் குறுக்கே வைத்து வழிமறித்தாள். குலவை போட்டுவிட்டுப் பாடினாள்:

வண்டி கட்டி வந்தாராம் மாப்பிள்ளை
வாய்க்காலுல விழுந்தாராம் மாப்பிள்ளை
மாமனாரு வேட்டியில மாப்பிள்ளை
மானங்காத்துத் தாலி கட்டுன மாப்பிள்ளை!

காரியஸ்தரின் சொந்தக் கதை அது. கல்யாணத்தன்று மாடு மிரண்டு, வண்டி குடைசாய்ந்து, மனிதர் சேற்றில் முங்கி எழுந்தார். பெண்கள் எல்லோரும் சேர்ந்து எடுத்துப் பாடினோம். இன்ஸ்பெக்டர் வாய்விட்டுச் சிரித்தார். காரியஸ்தர் உதட்டைக் கடித்துப் பார்த்தார். எவ்வளவு நேரம்தான் அடக்குவார், பாவம்! அவரும் இந்த மண்ணில் பிறந்தவர்தானே.

“அடியே, உன் புருஷன் வண்டிய ஒழுங்கா ஓட்டியிருந்தா நான் ஏன்டி விழறேன்? சேத்துலேர்ந்து நான் எந்திரிக்கிறப்ப கரையில நின்னு பல்லைக் காட்டுனவதானே நீ!” என்று வெடித்தார்.

வயலே குலுங்கியது. இன்ஸ்பெக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, மரியாதையாகவே கேட்டார்: “உங்களுக்குக் கல்யாணமாகி எத்தனை வருஷம் இருக்குங்க?”

காரியஸ்தர் குடையை முகத்துக்கு நேரே இறக்கிக்கொண்டார். எனக்கு வந்த சந்தோஷத்தில் சேற்றிலேயே குதித்தேன்.

பட்டா வந்தது. பண்ணையாரிடம் காரியஸ்தர் வாங்கிய திட்டு தெருக்கோடி வரை கேட்டதாம். கொஞ்ச நாள் கழித்து அம்மா அவரிடம், “அன்னைக்கு நீங்க வாயைத் தொறக்காம போயிருக்கலாமேங்க?” என்று கேட்டாள்.

“நீ பாடி நான் சும்மா போயிட்டா, அப்புறம் நான்தானடி வெளியூர்க்காரன்” என்றார்.