வீட்டோடு இருக்கிறவன்

யாழ்ப்பாணத்தில் ஐஸ் என்றால் அது மீனுக்கு. கடற்கரையோரமாக இருந்த ஒரு ஐஸ் பக்டரியில் நான் ஆறு வருடம் வேலை செய்தவன். உப்புத்தண்ணித் தொட்டிக்குள் தகரப் பெட்டிகளை இறக்கி, உறைந்ததும் தூக்கி, உமி தூவி, சாக்குச் சுற்றி மீன் லொறியில் ஏற்றிவிடுவோம். அதன் மேல் ஏறி நின்று மனிதர்கள் விளையாடுவார்கள் என்று அப்போது யாராவது சொல்லியிருந்தால், அவருக்குத் தலையில் ஏதோ கழன்றுவிட்டது என்றுதான் நினைத்திருப்பேன்.

எண்பதுகளின் நடுவில் ஒக்லாந்துக்கு வந்து சேர்ந்தபோது எனக்குக் கிடைத்த வேலை, நகரத்தின் மேற்குப் பக்கத்தில் இருந்த ஒரு பனிச்சறுக்கு மைதானத்தில். வெளியே பார்த்தால் பெரிய தகரக் கொட்டகை. உள்ளே ஐஸ் தளம், அதற்குக் கீழே நெடுகக் குழாய், குழாய்க்குள் குளிரூட்டிய உப்புத்தண்ணி. அதைக் குளிராக்கும் கம்பிரஷர் இரண்டும் நிற்காமல் பார்த்துக்கொள்வது என் பாடு. நேர்முகத்தில் ஐஸ் அனுபவம் உண்டா என்று கேட்டார்கள். ஆறு வருடம் என்றேன். மீனைப் பற்றி அவர்கள் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

அதற்கு முன் டமாம், மஸ்கட், சிங்கப்பூர். கலியாணம் கட்டி நாலாம் மாதம் ஊரைவிட்டுப் புறப்பட்டவன் நான். மனைவி ஊரில் தன் தாய் வீட்டில் இருந்தாள். ஒக்லாந்தில் எனக்கு நிரந்தர விசா கிடைத்து ஒரு வருடத்துக்கு மேலாகிவிட்டது. அவளைக் கூப்பிட ஒரு தடையும் இல்லை, என்னைத் தவிர. "ஒரு நிலைக்கு வரட்டும், கூப்பிடுகிறேன்" என்று எழுதிக்கொண்டே இருந்தேன். என்ன நிலை, எந்த நிலை என்று கேட்டால் எனக்கே தெரியாது. நியூ லின் என்ற புறநகரில் ஒரு தனி அறை. சூட்கேஸ் கட்டிலுக்குக் கீழே கிடக்கும், சேட்டு வேண்டுமென்றால் அதை இழுத்துத்தான் எடுப்பேன். வீடு ஒன்றை எடுத்து, அவளையும் கூப்பிட்டு, பிறகு இந்த ஊரும் சரிவராமல் போனால் என்ன செய்வது என்று பயம். பயம் என்று இப்போது சொல்கிறேன். அப்போது அதற்குப் பெயர் கவனம்.

அவளுடைய கடிதம் மாதம் ஒன்று வரும். நீல நிற எயார் லெட்டர், மடிப்புகளுக்குள்ளும் பொடி எழுத்தில் எழுதியிருப்பாள். எதை எழுதினாலும் கடைசி வரி ஒன்றுதான்: "வீடு பார்த்தாச்சோ?" அதைப் பார்த்தால் எனக்குச் சுள்ளென்று ஏறும். வீடு என்ன, மூலையில் இருக்கும் டெயரிக் கடைக்குப் போய்ப் பாண் வாங்குவது போலவா என்று சுவரைப் பார்த்துக் கத்துவேன். சுவர் பாவம், அதைத் தவிர எனக்குப் பேச்சுத் துணை இல்லை.

அந்த வருடம் யூன் மாதம், பூமியின் இந்தத் தென்பாதியில் குளிர்காலம் தொடங்கும்போது, மைதானத்தில் விளையாடும் ஐஸ் ஹொக்கிக் குழுவுக்குக் கனடாவிலிருந்து ஒருவன் வந்தான். என் வயதுதான், முப்பத்தைந்து இருக்கும். ஹொக்கி விளையாடுவதையே தொழிலாகக் கொண்டவன். பெரிய குழுக்கள் ஒன்றிலும் அவன் நிலைக்கவில்லை. மேலே ஒருதரம் கூப்பிட்டு, நான்கு ஆட்டம் ஆடவிட்டு, திருப்பி அனுப்பிவிட்டார்கள். மற்றதெல்லாம் சின்னச் சின்ன ஊர்க் குழுக்கள். பதினான்கு வருடத்தில் பதினோரு ஊர். இங்கே வந்தது விளையாடவும், மற்றவர்களைப் பழக்கவும், ஒரே ஒரு பருவத்துக்கு.

குழுவின் செயலாளர் அவனை எனக்கு அறிமுகப்படுத்தினார். அவர் பக்கத்துத் தெருவில் டெயரி வைத்திருந்தவர். "இவர் எங்கள் புதிய டிஃபென்ஸ்மன்" என்று முதுகில் தட்டி, "நல்ல ஸ்டே அட் ஹோம் ஆள்" என்றார். தடுப்பாட்டக்காரன் என்பது விளங்கியது. மற்றதை நான் சொல்லுக்குச் சொல் எடுத்துக்கொண்டேன்: வீட்டோடு இருக்கிறவன். ஊர் சுற்றாத, குடும்பம் குட்டி என்று அடங்கிய மனிதன். பார்த்தால் அப்படித்தான் இருந்தான், முன்பல் இரண்டு இல்லாததைத் தவிர.

அந்தக் கொட்டகையில் சூடான இடம் என்று ஒன்று இருந்தால் அது என் கம்பிரஷர் அறைதான். ஐஸிலிருந்து இழுக்கும் சூடெல்லாம் அங்கேதான் வந்து சேரும். காலைப் பயிற்சி முடிந்ததும் அவன் நனைந்த கையுறைகளோடு அங்கே வருவான். அவற்றைக் குழாய்மேல் காயப்போட்டு, கவிழ்த்த வாளி ஒன்றில் குந்தி, இடது முழங்காலைச் சூட்டுக்குக் காட்டுவான். எப்போதும் கதவைப் பார்த்தபடிதான் இருப்பான். நான் தேத்தண்ணி கொடுப்பேன். முதல் மாதம் நாங்கள் கதைத்தது சீனி வேண்டுமா, வேண்டாமா என்பது மட்டும். ஆனாலும் அவன் வராத நாட்களில் அந்த அறை எனக்குப் பிடிக்காமல் போனது.

ஹொக்கிக்காரர்களின் உடைமாற்றும் அறையில் ஒரு வழக்கம். ஒவ்வொருவருடைய உடுப்புக் கொழுவிக்கு மேலும் வெள்ளைப் பிளாஸ்திரி ஒட்டி, அதில் அவன் பெயரை எழுதியிருப்பார்கள். பெயர் இருந்தால் நீ குழுவில் இருக்கிறாய். ஒருநாள் அவன் அந்தப் பிளாஸ்திரியைக் கொண்டுவந்து, நான் கோட்டு மாட்டும் ஆணிக்கு மேலே என் பெயரை எழுதி ஒட்டினான். என் பெயரின் நீளத்துக்கு இரண்டு துண்டு வேண்டியிருந்தது. எழுத்துப் பிழை மூன்று. இந்த நாட்டில் என் பெயரை யாரும் ஒரு சுவரில் எழுதியது அதுதான் முதல் தடவை. அன்று எனக்கு இருந்த சந்தோஷத்தை வெளியே சொல்ல வெட்கமாக இருந்தது.

மனைவிக்கு அவனைப் பற்றி எழுதினேன். எழுத வேறு விஷயமும் இல்லை. "வெள்ளைக்காரன் ஒருவன் சிநேகிதமாகியிருக்கிறான், வீட்டோடு இருக்கிறவன் என்று எல்லோரும் சொல்கிறார்கள், நல்ல மனிதன்" என்று.

ஆகஸ்டில் பதில் வந்தது. அதை வேலைக்கு எடுத்துக்கொண்டு போனேன், அவனைப் பற்றிக் கேட்டிருந்தாள் என்பதால். அவன் ஆங்கிலத்தில் சொன்னது என் நினைவில் யாழ்ப்பாணத் தமிழாகத்தான் கிடக்கிறது. அப்படியே எழுதுகிறேன்.

"என்ர மனிசி உன்னைப் பற்றிக் கேக்கிறாள்" என்றேன். "அந்த வீட்டோட இருக்கிறவற்ற வீடு எப்பிடி, எத்தினை பிள்ளையள் எண்டு."

"வீடோ?" என்று சிரித்தான். தேத்தண்ணி புரையேறிவிட்டது. "நான் வீட்டோட இருக்கிறன் எண்டு ஆர் சொன்னது?"

செயலாளர் சொன்னதைச் சொன்னேன். அவன் கண்ணைத் துடைத்துக்கொண்டு விளக்கினான்.

"அது ஆட்டத்தில சொல்லுறது. கோல் அடிக்கத் தெரியாதவனுக்கு மரியாதையாச் சொல்லுற பேர். மற்ற நாலு பேரும் முன்னுக்குப் போவினம். நான் எங்கட கோலடியில நிப்பன். ஆரும் அடிச்சா காலையோ நெஞ்சையோ குடுத்து மறிப்பன். அந்தக் கம்பியும் வலையும்தான் வீடு."

நானும் சிரித்தேன். என்ன முட்டாள் நான் என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தேன்.

"உன்ர மனிசி வேற என்ன கேக்கிறாள்?" என்றான்.

"வேறென்ன, வழமையான கேள்விதான். வீடு பாத்தாச்சோ எண்டு" என்று சொல்லி, அந்த வரியைக் காட்டுவதற்காகக் கடிதத்தைத் திருப்பினேன்.

வரி இல்லை. மடிப்புகளைப் பார்த்தேன். பசை ஒட்டும் ஓரத்தைப் பார்த்தேன். சுகம் விசாரித்திருந்தாள், தாயின் இருமலைப் பற்றி எழுதியிருந்தாள், யாரோ ஒரு வெள்ளைக்காரனின் வீட்டைப் பற்றிக் கேட்டிருந்தாள். எங்கள் வீட்டைக் கேட்கவில்லை.

அவன் சிரிப்பை நிறுத்திவிட்டு என் முகத்தைப் பார்த்தான்.

"என்ர மனிசி ஒவ்வொரு போனிலயும் கேப்பாள், இந்தமுறை எத்தினை மாசம் எண்டு" என்றான். "ஒரு நல்ல குழுவில நிலைச்சுட்டுக் கூப்பிடுறன் எண்டு சொல்லுவன். ஒருநாள் அவள் அதைக் கேக்கேல்லை. அப்பாடா, பழகீட்டாள் எண்டு நினைச்சன்."

"பிறகு?"

"ஆட்டமெல்லாம் முடிஞ்சு போய்க் கதவைத் தட்டினன். வீட்டில வேற ஆக்கள் இருந்தவை."

எனக்கு அவன்மேல் வந்த கோபத்துக்கு அளவில்லை. "நீ ஆர் எனக்குச் சாத்திரம் சொல்ல? உன்ர கதை வேற, என்ர கதை வேற!" என்று கம்பிரஷர் சத்தத்துக்கு மேலாகக் கத்தினேன். அவன் ஈரம் காயாத கையுறைகளை எடுத்துக்கொண்டு எழும்பிப் போனான்.

அறைக்குத் திரும்பியதும் சூட்கேசை இழுத்துப் பழைய கடிதங்களை எடுத்தேன். போன மாதத்துக் கடிதத்திலும் இல்லை. அதற்கு முந்தியதிலும் இல்லை. மூன்று மாதமாக அவள் கேட்கவில்லை, நான் கவனிக்கவும் இல்லை. இன்னும் மோசம், அந்த மூன்று மாதமும் எனக்கு ஏதோ நிம்மதியாக இருந்தது. ஊரில் சண்டை, கடிதங்கள் தொலைவதுண்டு. ஆனால் எந்தச் சண்டையும் ஒரு கடிதத்தின் கடைசி வரியை மட்டும் விழுங்குவதில்லை. கட்டிலில் இருந்து அழுதேன். சுவரைப் பார்த்துக் கத்த அன்று ஒன்றும் இல்லை.

செயலாளரின் டெயரியில் ஒரு விளம்பரப் பலகை இருந்தது. அதில் "இரண்டு அறை யூனிட் வாடகைக்கு" என்று ஒரு துண்டு பல கிழமைகளாகத் தொங்கியது. பால் வாங்கும்போதெல்லாம் அதை வாசித்திருக்கிறேன். அடுத்த நாள் காலை அதைப் பலகையிலிருந்து பிய்த்துக்கொண்டு போய், மத்தியானத்துக்குள் கதவுத் திறப்பைக் கையில் வாங்கிவிட்டேன். நேரே தபால் கந்தோர். தமிழை ஆங்கில எழுத்தில் எழுதித் தந்தி கொடுத்தேன்: "வீடு எடுத்தாச்சு வா." அங்கிருந்த பெண் இது என்ன மொழி என்று கேட்டாள். என் மனைவியின் மொழி என்றேன்.

மன்னிப்புக் கேட்கும் பழக்கம் எனக்கு இல்லை. ரின்னில் அடைத்த மீனில் கறி வைத்து அவனைக் கூப்பிட்டேன். வந்தான். வரும்போது யாரிடமோ கடன் வாங்கிய வான் வண்டியில் ஒரு மெத்தையையும் கொண்டுவந்தான். இருவருமாக அதைத் தூக்கி உள்ளே போட்டோம். பிறகு அவன் ஒவ்வொரு அறையாகப் போய், லைட்டைப் போட்டு நூர்த்து, குழாயைத் திறந்து பூட்டி, சமையலறை ஜன்னலுக்கு முன்னால் கனநேரம் நின்றான். உறைப்பில் கண்ணால் தண்ணி ஓட ஓட இரண்டாம் தரமும் சோறு போட்டுச் சாப்பிட்டான்.

"பதில் வந்ததோ?" என்று ஒவ்வொரு காலையும் கேட்பான். இல்லை என்பேன். இப்போது என்னைக் கேள்வி கேட்க அவன் ஒருவன்தான் இருந்தான்.

செப்டெம்பரில் கடைசி ஆட்டம். முதல் முறையாக முழு ஆட்டத்தையும் தடுப்புப் பலகைக்குப் பக்கத்தில் நின்று பார்த்தேன். மற்றவர்கள் முன்னே பாய்ந்துகொண்டிருந்தார்கள். அவன் மட்டும் பின்னால், கோலடியில், முன்னே பார்த்தபடி தனியாக நின்றான். இரண்டு தரம் அந்தக் கறுப்பு ரப்பர் வட்டுக்குக் குறுக்கே விழுந்து மறித்தான். இரண்டாம் தரம் எழும்ப நேரம் எடுத்தது. கைதட்டியவர்கள் அதிகம் இல்லை, கோல் அடித்தவனுக்குத்தான் அங்கும் கைதட்டல்.

அடுத்த கிழமை ஸ்கொட்லாந்தில் ஏதோ ஒரு குழுவுக்குப் போகிறேன் என்றான். முழங்கால் தாங்குமா என்று கேட்டேன். தாங்குமட்டும் ஆடுவேன் என்றான். விமான நிலையத்துக்கு வருகிறேன் என்றதற்கு, வேண்டாம், பழக்கமில்லை என்று சொல்லிவிட்டான். திங்கட்கிழமை போய்ப் பார்த்தபோது உடைமாற்றும் அறையில் அவனுடைய பெயர்ப் பிளாஸ்திரி இல்லை. மற்றவன் கிழிக்க முந்தித் தானே கிழித்துவிடுவதாக ஒருமுறை சொல்லியிருந்தான். பசை ஒட்டியிருந்த இடம் மட்டும் கொஞ்சம் வெள்ளையாகத் தெரிந்தது. என் ஆணிக்கு மேலே இரண்டு துண்டும் அப்படியே இருந்தன.

பதில் ஒக்டோபரில்தான் வந்தது. தந்தி அவள் கைக்குப் போகவே பத்து நாள் பிடித்திருக்கிறது. கம்பிரஷர் அறையில், அவன் குந்தும் வாளியில் இருந்து பிரித்தேன். கடிதம் முழுக்கக் கேள்வி. "எத்தனை அறை? சமையலறை ஜன்னல் எந்தப் பக்கம்? வெயில் வருமோ? அம்மி கொண்டுவர விடுவாங்களோ?" விரலை வைத்து வைத்து எண்ணினேன், பதினாறு கேள்வி. அந்த அறையில் தனியாக இருந்து சத்தம் போட்டு வாசித்தேன். கேட்க ஒருவரும் இல்லை. அந்தச் சந்தோஷம் எனக்குப் பாரமாக இருந்தது.

கடைசிக் கேள்வி மடிப்புக்குள் இருந்தது. "அந்த வீட்டோடு இருக்கிறவர் எங்களுக்குக் கிட்டவோ இருக்கிறார்? ஒருநாள் சாப்பிடக் கூப்பிட வேணும்."

அன்றைக்கே பதில் எழுதினேன். இரண்டு அறை, ஜன்னல் கிழக்குப் பக்கம், வெயில் வரும், அம்மி வேண்டாம். எல்லாவற்றுக்கும் உள்ளதை உள்ளபடி எழுதினேன். கடைசிக் கேள்விக்கு மட்டும், அவர் தன் வீட்டுக்குத் திரும்பிப் போய்விட்டார் என்று எழுதினேன்.