டீச்சரம்மா வீட்டுக் கல்லறைக் கல்

திண்டிவனத்தில் கல்லறைக் கல் என்றால் என்னைத்தான் கைகாட்டுவார்கள். நான் அஞ்சாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். வல்லத்துப் பக்கம் அம்மி கொத்திக்கொண்டிருந்தவன், யாரிடமும் கைகட்டி நிற்காமல் சிலுவையும் றெக்கை வைத்த சம்மனசும் செதுக்கக் கற்றுக்கொண்டேன். விழுப்புரம் வரைக்கும் எந்தக் கல்லறைத் தோட்டத்துக்குப் போனாலும் என் உளி பட்ட கல் ஒன்றாவது இருக்கும். சுத்தியலால் ஒரு தட்டு தட்டி, ஓசையை வைத்தே கல்லுக்குள் விரிசல் உண்டா இல்லையா என்று சொல்லிவிடுவேன்.

அப்படிப்பட்ட நான் ஒரே ஒரு கல்லைத் தட்டிப் பார்க்காமல் விட்டேன்.

டீச்சரம்மாவின் வீட்டுக்காரருக்கு வைத்த கல் அது. ஆறடி நீளக் கருங்கல், தலைமாட்டில் மண்டியிட்ட சம்மனசு. கல்லறைத் திருநாளன்று கோயில் சாமியார் தீர்த்தம் தெளித்து மந்திரிக்க வரும்போது வெறும் மண்ணாக இருக்கக் கூடாது என்று அந்தம்மா கேட்டுக்கொண்டார். அவசர அவசரமாகச் செதுக்கினேன். கடைசி எழுத்தை வெட்டும்போது குறுக்கே மயிரிழை மாதிரி ஒரு கோடு ஓடியது. அப்புறம்தான் தட்டினேன். மணி மாதிரி கேட்க வேண்டிய கல், விரிசல் விழுந்த பானை மாதிரி கேட்டது. கல் தூளைப் பசையில் குழைத்து அடைத்து, மெருகு போட்டு வைத்துவிட்டேன். திருநாளன்று ஊரே மெச்சியது. இந்தக் கல் பிளந்தால் இனி உளியைத் தொடமாட்டேன் என்று அத்தனை பேர் நடுவில் வாயை விட்டேன்.

படுத்திருக்கும் வரை அந்தக் கல் பிளக்காது. தூக்கினால் பிளக்கும். எங்கள் பக்கத்தில் புருஷன் குழியைத் திறந்துதான் பெண்டாட்டியையும் வைப்பார்கள். அது தெரிந்தேதான் வைத்தேன்.

மகன் ஓசூரில் வீடு கட்டிவிட்டுக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறான். நான் அங்கே போன பிறகு அந்தம்மா கண்ணை மூடினால், எவனோ கடப்பாரை போட்டு நெம்புவான்; சவப்பெட்டிக்கு முன்னால் கல் இரண்டாகும். நான் இருந்தால் தூக்காமல், அடியில் பலகை கொடுத்து நகர்த்திவிடுவேன். அதனால் பாண்டிச்சேரியில் தங்கச்சி பெண் கல்யாணத்துக்குக்கூடக் காலையில் போய்ச் சாயங்காலம் திரும்பிவிட்டேன். சொந்தக் கையால் சம்பாதித்த வீட்டில் காவலில் இருப்பவன் மாதிரி உட்கார்ந்திருக்கிறேன்.

ஒரு தடவை, பழசு மங்கிவிட்டது, புதுக் கல் சும்மாவே செய்து தருகிறேன் என்று டீச்சரம்மாவிடம் கேட்டுப் பார்த்தேன்.

“அவரு மேல இருக்கிற கல்லே எனக்கும் போதும் மேஸ்திரி. நீங்கதான் திறந்து மூடணும். வேற ஆளு கை வைக்கக் கூடாதுன்னு பசங்ககிட்ட சொல்லிட்டேன்” என்றார்.

போன வாரம் மாதா கோயிலில் துக்க மணி அடித்தது. பலகையையும் கயிற்றையும் வண்டியில் கட்டிக்கொண்டு பறந்தேன். கோயில் வாசலில் டீச்சரம்மாவே நின்றுகொண்டிருந்தார். யாருக்கு மணி என்று விசாரிக்க வந்தாராம். என் பலகைகளை ஒரு பார்வை பார்த்தார்.

“எனக்குத்தான்னு நெனச்சிக்கினு ஜல்தியா வந்துட்டீங்களா?”

வேறு வேலைக்குப் போகிறேன் என்றேன். அந்தம்மா சிரித்தார்.

“நான் இன்னும் பத்து வருசம் இருப்பேன் மேஸ்திரி. அதுவரைக்கும் நீங்க எங்கியும் போயிடாதீங்க.”

“எங்க போகப் போறேன் டீச்சரம்மா” என்று வண்டியைத் திருப்பினேன்.

வீட்டுக்கு வந்து மகனுக்குப் போன் போட்டு, பெரிய ஆர்டர் ஒன்று வந்திருக்கிறது, இந்த வருஷமும் வர முடியாது என்று சொன்னேன்.