சிவப்புக் குறியை மறைத்தவர்

கழுத்தில் எப்போதும் ஒரு பென் டிரைவ் தொங்குவதால் அதுவே அவருக்குப் பெயராகிவிட்டது. கடைத்தெருவில் யாரைக் கேட்டாலும், "கம்ப்யூட்டர் படுத்துடுச்சா? பென் டிரைவைக் கூப்பிடு" என்பார்கள். பெற்றவர்கள் வைத்த பெயரைத் தன் வீட்டுக்காரியே மறந்துவிட்டாள் என்று அவரே சொல்லிச் சிரிப்பார்.

மனிதருடைய தொழில் ரகசியம் முழுவதும் அந்த டிரைவில்தான் இருந்தது. ஒரு கம்ப்யூட்டரில் பல புரோகிராம்கள் ஒரே ஃபைலைப் பொதுவில் வைத்துப் புழங்கும். ஆறு குடித்தனத்துக்கு ஒரே குழாய் மாதிரி. அது கெட்டுப்போனால் முறையாகச் செய்ய வேண்டியது வேறு. இவரோ, அதே பெயருள்ள ஃபைலை ஏதாவது பழைய மெஷினிலிருந்து எடுத்து வைத்திருப்பார். அதைக் கொண்டுபோய் ஒட்டுவார். புரோகிராம் ஓடிவிடும். "ரெண்டே நிமிஷம்!" என்று காலரைத் தூக்கிவிட்டுக்கொள்வார். இருபது வருஷமாக இந்தக் கைவைத்தியம் பலித்தது. அதுதான் வினையே.

பல் ஆஸ்பத்திரி ஒன்றில் எக்ஸ்ரே காட்டும் புரோகிராம் திறக்கவில்லை. நெட்வொர்க் ஃபைல் ஒன்று சரியில்லை என்றது திரை. வெளியே வீங்கிய கன்னத்தோடு ஒன்பது பேர். டிரைவைச் செருகினார், பழைய ஃபைலை ஒட்டினார், எக்ஸ்ரே பளிச்சென்று வந்தது. ஆனால் ஃபயர்வாலும் அதே ஃபைலைத்தான் நம்பியிருந்தது. வெளியிலிருந்து எது உள்ளே வரலாம், எது கூடாது என்று பார்த்து விடுகிற காவல் அது. பழைய ஃபைல் ஒத்துவராமல் அந்தக் காவல் படுத்துவிட்டது.

ரிசப்ஷனில் இருந்த பெண் கவனித்தாள். "அண்ணே, கீழ மூலையில செவப்பா ஏதோ வருதே?"

"அது சும்மா கத்திக்கிட்டே இருக்கும்மா. நாளைக்கு வந்து பாக்கறேன். இப்போதைக்கு மறைச்சு விட்டுடறேன்."

மறைத்தும் விட்டார். பன்னிரண்டு நாளாகியும் அந்த 'நாளைக்கு' வரவில்லை.

பதின்மூன்றாம் நாள் காலை ஆஸ்பத்திரியின் ஃபைல் ஒன்றுகூடத் திறக்கவில்லை. நான்கு வருஷத்து நோயாளிகளின் விவரம், எக்ஸ்ரே, எல்லாவற்றையும் எவனோ புகுந்து பூட்டிவிட்டான். பென் டிரைவ் வந்து உட்கார்ந்து பார்த்தார். புகுந்த வழி தெரிந்தது. காவல் படுத்த தேதியும் தெரிந்தது. திருடனுக்குத் தேள் கொட்டின மாதிரி, வாயைத் திறக்க முடியவில்லை.

"இந்தம்மா மெயில்ல எதையோ திறந்திருக்கும். அதானே?" என்று மேனேஜர் ரிசப்ஷன் பெண்ணைக் காட்டி, அவள் எதிரிலேயே கேட்டார்.

அவள் இவரைப் பார்த்தாள். அண்ணன், 'அப்படி இல்லை' என்று சொல்வார் என நம்பித்தான் பார்த்தாள்.

"இருக்கலாம் சார்" என்றார்.

அட மனுஷா! ஒரு நிமிஷம் தலை குனிந்திருந்தால் போயிருக்கும். பழி ஓரிடம், பாவம் ஓரிடம் என்று ஆனது. அன்று மத்தியானமே அவளை வேலையை விட்டு அனுப்பிவிட்டார்கள்.

அந்த வாரம் அவருக்குச் சோறு இறங்கவில்லை. கண்ணாடியில் முகம் பார்த்துச் சவரம் செய்யக் கூசியது. வீட்டுக்காரி கேட்டதற்கு, வயிறு சரியில்லை என்றார்.

சனிக்கிழமை அந்தப் பெண் கடைக்கே வந்து நின்றாள். திட்டத்தான் வந்திருக்கிறாள், நன்றாகத் திட்டட்டும் என்று எழுந்து நின்றார். அவள் பையிலிருந்து சின்ன நோட்டு ஒன்றையும் பேனாவையும் எடுத்தாள்.

"அண்ணே, வேற எடத்துல வேலை கேட்டிருக்கேன். நான் எதைத் தொட்டதால அப்படி ஆச்சுன்னு சொல்லுங்க, எழுதிக்கறேன். அங்க போயும் அதே தப்பைப் பண்ணிடக் கூடாதுல்ல."

செருப்பால் அடித்திருந்தால்கூட அவ்வளவு வலித்திருக்காது.

"நீ எதையும் தொடலம்மா. நான்தான். அன்னிக்கு நீ காட்டினியே ஒரு செவப்பு... அதை நான் பாத்திருக்கணும்."

அவள் எழுதவில்லை. நோட்டை மூடினாள். "இதை எங்கிட்ட சொல்லி என்ன ஆகப் போகுது? அங்க வந்து சொல்லுங்க."

கடையைச் சாத்திவிட்டு அவள் பின்னால் நடந்தார். மேனேஜர், இரண்டு டாக்டர்கள், பல்வலியோடு காத்திருந்தவர்கள் என்று எல்லோர் காதிலும் விழச் சொன்னார். காது மடல் வரை எரிந்தது. மேனேஜர் கேட்ட கேள்விகளை எழுத எனக்கே கூச்சமாக இருக்கிறது. இனி இந்தப் பக்கம் தலைகாட்டக் கூடாது என்றார்கள். அவளைத் திங்கட்கிழமை வேலைக்கு வரச் சொன்னார்கள்.

ஒரு மாதம் கழித்து பஸ் நிறுத்தத்தில் அவளைப் பார்த்தார். ஒதுங்கிப் போய்விடலாம் என்று நினைப்பதற்குள் அவளே பார்த்துவிட்டாள்.

"நல்லா இருக்கீங்களா சார்?" என்றாள், அதுவரை அண்ணே என்றவள்.