மந்திரிசபையும் ஒரு வான் சாவியும்

எங்கள் ஒன்றியத்தின் தலைவர் நிர்வாகக் குழுவை ஒருநாளும் நிர்வாகக் குழு என்று சொன்னதில்லை. மந்திரிசபை என்றுதான் சொல்வார். லண்டனின் மேற்கே ஹவுன்ஸ்லோவில் ஒரு தேவாலயத்தின் மண்டபத்தை ஞாயிற்றுக்கிழமைகளில் வாடகைக்கு எடுத்து, வயது போன தமிழ்ச் சனத்துக்கு மத்தியானச் சோறும் தேவாரமும் கொஞ்சம் ஊர்வம்பும் வழங்குகிற சின்ன ஒன்றியம் அது. அதற்கு மந்திரிசபை எதற்கு என்று கேட்கக்கூடாது. நாட்டை விட்டு ஓடி வந்தபோது எத்தனையோவற்றை விட்டுவிட்டு வந்தோம். நிறைவேற்று அதிகாரம் கொண்ட ஜனாதிபதி முறை மட்டும் எப்படியோ எங்களோடு விமானம் ஏறி வந்துவிட்டது.

தலைவரைத் தவிர மந்திரிகள் மூன்று பேர். பொருளாளர் மதுரைக்காரர். கிழக்கே ஃபாரஸ்ட் கேட்டிலிருந்து லண்டனின் முழு அகலத்தையும் ரயிலில் கடந்து வருபவர், ஆகவே வந்து இறங்கும்போதே கோபமாக இருப்பார். உபதலைவர் ஒரு பல் வைத்தியர். திங்கள் தொடங்கிக் கிழமை முழுவதும் மற்றவர்களின் வாயைத் திறக்கவைப்பது அந்த அம்மாவின் தொழில். செயலாளர் நான். பகிடியாகச் சிரிக்க வைத்து எழுதுகிறவன் என்று எனக்குச் சின்னதாக ஒரு பெயர் உண்டு. நேராகச் சொல்லத் துணிவில்லாதவனுக்கு நாலு பேர் மரியாதையாக வைத்த பெயர் அது.

நான் சரித்திரம் நிறையப் படிக்கிறவன். ஜனாதிபதிகளைச் சுற்றி நின்ற மூத்த அமைச்சர்கள், எல்லாம் கண்முன்னே பிழையாய்ப் போவதைப் பார்த்தும் ஏன் வாய் திறக்கவில்லை என்று படிக்கும்போதெல்லாம் எனக்கு இரத்தம் கொதிக்கும். புத்தகத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு, சோபாவில் சாய்ந்தபடி, அவர்கள் எல்லோரையும் கோழைகள் என்று தீர்த்து, ஒரு பிஸ்கட்டும் சாப்பிட்டிருக்கிறேன்.

ஒன்றியத்தின் வானுக்குச் சாரதியும் தலைவர்தான்; அவரே ஓடுவார். எட்டுப் பேர் ஏறக்கூடிய நீல வான். காலையில் வீடு வீடாகப் போய் முதியோரை ஏற்றி வருவதும் மாலையில் திரும்பக் கொண்டுபோய் இறக்குவதும் அவர் வேலை. அதை அவர் வேறு யாரிடமும் கொடுத்ததில்லை. எழுபதைத் தாண்டியவர். ஏறுகிறவர்களில் சிலர் அவரைவிட இளையவர்கள். அதைப்பற்றி யாரும் கதைப்பதில்லை.

நவம்பர் மாதத்தில் ஒரு ஞாயிறு மாலை, எல்லோரையும் ஏற்றிக்கொண்டு புறப்பட்டு, பெரிய ரவுண்டபவுட் ஒன்றில், சுற்றி வருகிற வாகனங்களின் நடுவில், அவர் வானை நிறுத்தினார். முன்சீட்டில் நான். ஸ்டியரிங்கிலிருந்து இரண்டு கைகளையும் எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, மிகுந்த பண்போடு என்னைக் கேட்டார்: "தம்பி, இப்ப நாங்கள் ஆரை ஏத்தப் போறம்?"

பின்னால் சீட் எல்லாம் நிறைந்திருந்தது. வலப்பக்கம் ஒரு லொறி கத்தியபடி மயிரிழையில் வெட்டி விலகியது. பின்னாலிருந்து ஒரு கை என் சீட்டை இறுகப் பிடித்தது. பிறகு அவராகவே கியரைப் போட்டு, ஒன்றும் நடக்காததுபோல ஓடத் தொடங்கினார்.

இரண்டு நாள் கழித்து அவருடைய மனைவி எனக்குப் போன் எடுத்தார். நான் அவரை அக்கா என்று கூப்பிடுவேன்.

"விடியப்புறம் ஒரு பிழையும் இல்லைத் தம்பி, நல்லாத்தான் இருக்கிறார். பொழுது பட்டால்தான் குழம்புது. நேற்றுப் பின்னேரம் குசினிக்கை அடுப்படியிலை நிண்டுகொண்டு பாத்ரூம் எங்கை எண்டு என்னைக் கேட்டவர்."

"டொக்டரிட்டை காட்டேல்லையோ அக்கா?"

"அவர் வரவேணுமே! நான் வாயைத் திறந்தால் வீட்டிலை சண்டை. நீங்கள்தானே செக்ரெட்டரி. உங்கடை மந்திரிசபை சொன்னால் கேட்பார். வானை மட்டும் நிப்பாட்டுங்கோ. எட்டுச் சீவன் தம்பி."

ஓம் என்றேன். போனை வைத்த பிறகுதான் எதற்கு ஓம் என்றேன் என்பது உறைத்தது.

அடுத்த ஞாயிறு மூன்று மந்திரிகளும் மண்டபத்தின் மாடிப்படிக்குக் கீழே இரகசியமாகக் கூடினோம். காலைப் பயணத்தில் நான் அவர் பக்கத்தில் இருந்து, என் பாட்டுக்கு இல்லாத பிரேக்கை மிதித்தபடி வந்திருந்தேன். வெளிச்சத்தில் அவர் என்னைவிட நன்றாகவே ஓடினார். பிரச்சினை மாலைதான். மழை வேறு பிடித்துவிட்டது. நவம்பரில் நாலு மணிக்கே லண்டன் கடையைச் சாத்திவிடும். எங்கள் கூட்டம் முடிகிற நேரமும் அதுவே. முடிந்ததும் அவர் சாவியை எடுத்துக்கொண்டு இறங்குவார்.

"மூணு பேரும் ஒண்ணா நின்னா அவரால தட்ட முடியாது. நான் ஆரம்பிக்கிறேன். நேரா மேட்டருக்கு வந்துடறேன்," என்றார் பொருளாளர்.

"வயசைச் சொல்லாதேங்கோ," என்றார் பல் வைத்தியர். "வருத்தம், வியாதி எண்டும் சொல்லாதேங்கோ. ஞாபகம் எண்ட சொல்லே வரக்கூடாது."

"அப்ப என்னதான்மா சொல்றது?"

"பாதுகாப்பு எண்டு சொல்லுங்கோ."

மந்திரிசபை கூடிய மேல்மாடி அறையில் தலைவரோடு சேர்த்து நாலே பேர்தான். ஆனாலும் எங்கள் சபைமரபு கடுமையானது. பேசுகிறவர் எழுந்து நிற்க வேண்டும், ஒவ்வொருவரையும் பதவி சொல்லி விளிக்க வேண்டும், பிறகு தலைவருக்கு நன்றி சொல்ல வேண்டும். அதற்கப்புறம்தான் விஷயம். தமிழர் சங்கங்களில் எத்தனையோ விஷயங்கள் இந்த நன்றியைத் தாண்டி வரமுடியாமல் செத்திருக்கின்றன.

பொருளாளர் எழுந்தார். "பெருமதிப்புக்குரிய தலைவர் சார் அவர்களே, உபதலைவர் அவர்களே, செயலாளர் அவர்களே." தலைவரின் சேவையைச் சொன்னார். பனிக்காலத்திலும் வான் நிற்காததைச் சொன்னார். தலைவர் மெல்லத் தலையசைத்துக் கேட்டார். "இந்த நேரத்துல ஒண்ணு சொல்லியாகணும்," என்று பொருளாளர் குரலை உயர்த்தியபோது, கூரைக்கு மேலே ஹீத்ரோவுக்கு இறங்குகிற விமானம் ஒன்று வந்தது. எங்கள் பக்கத்தில் விமானம் போகும்வரை வாக்கியத்தைப் பாதியில் பிடித்துக்கொண்டு நிற்பது வழக்கம். அவரும் நின்றார். தலைவர் அவரைப் பார்த்து அன்பாகச் சிரித்தார். விமானம் போனது. போகும்போது பொருளாளரின் தைரியத்தையும் ஏற்றிக்கொண்டு போய்விட்டது.

"இன்னும் பல வருஷம் ஸ்டியரிங் சார் கையிலதான் இருக்கணும்," என்று முடித்து உட்கார்ந்தார்.

பல் வைத்தியர் அவரைச் சொத்தைப் பல்லைப் பார்ப்பதுபோலப் பார்த்தார். பிறகு தானும் எழுந்தார். அந்த அம்மாவிடம் ஒரு திட்டம் இருந்தது. எங்கள் ஆட்களுக்கு மட்டுமே தோன்றக்கூடிய திட்டம். ஒருவரை இறக்க வேண்டுமென்றால் நாங்கள் இறக்குவதில்லை, ஏற்றுவோம். போசகர் என்று ஒரு பதவி உண்டு. ஆண்டு மலரின் முதற்பக்கத்தில் படம் வரும், மேடையில் உட்காரப் பெரிய கதிரை வரும், வேலை மட்டும் வராது. லண்டனில் பல சங்கங்களில் தலைவர்களை இப்படித்தான் பொன்னாடையால் மூடி அனுப்பியிருக்கிறார்கள்.

"எங்கடை தலைவர் தலைவராக மட்டும் இருக்கிறது எங்களுக்குப் போதாது," என்றார். "அவரைப் போசகராக உயர்த்த வேணும் எண்டு நான் பிரேரிக்கிறன்."

"ஆமா, ஆமா, நான் வழிமொழியறேன்!" என்று பொருளாளர் பாய்ந்தார்.

தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கண் கலங்கியிருந்தது. ஜன்னலுக்கு வெளியே இருட்டிக்கொண்டு வந்தது. கீழே தேவாரம் முடிந்து கதிரைகளை இழுக்கிற சத்தம் கேட்டது.

"பிள்ளை, நான் இதை எதிர்பார்க்கேல்லை," என்றார். "போசகர் பதவியை ஏற்றுக்கொள்ளுறன். தலைவர் பதவியிலையும் இருக்கிறன். ரெண்டையும் ஒராள் வைச்சிருக்க எங்கடை யாப்பிலை, அந்தச் சட்டப் புத்தகத்திலை, தடை இல்லை. அதை எழுதினதே நான்தானே."

ஒரு மனிதரின் அதிகாரத்தைக் குறைப்பதற்கென்று கூடிய மந்திரிசபை, அதை இரட்டிப்பாக்கிவிட்டிருந்தது.

இனி நான். எழுந்தேன். ஜன்னலால் பார்த்தேன்: கீழே கோட்டும் கம்பளித் தொப்பியுமாக அவர்கள் ஒவ்வொருவராக வானுக்கு நடந்துகொண்டிருந்தார்கள். ஒரு கை இன்னொரு கையைப் பிடித்திருந்தது. சொல், சொல் என்று மனம் அடித்தது. நான் பகிடி விட்டேன்.

"போசகர் எண்டால் ஒரு சாரதி வைச்சிருக்கிறதுதான் மரியாதை. நாங்கள் ஒராளைப் போடுவம்."

தலைவர் குலுங்கிச் சிரித்தார். "நானே சாரதியாய் இருக்கேக்கை இன்னொரு சாரதி என்னத்துக்கடாப்பா! சரி, சபை கலையுது. சனம் மழையுக்கை நிக்குது." மேசையில் இருந்த சாவியை எடுத்துக்கொண்டு படியிறங்கினார்.

நாங்கள் மூவரும் பின்னால் போனோம். எங்களில் ஒருவரும் மற்றவரைப் பார்க்கவில்லை. கார் நிறுத்துமிடத்தில் மழை சாய்ந்து அடித்தது. தலைவர் விறுவிறுவென்று நடந்து, எங்கள் நீல வானைத் தாண்டிப்போய், குழாய் திருத்துகிற யாரோ நிறுத்தியிருந்த வெள்ளை வானின் கதவைப் பிடித்து இழுத்தார். திறக்கவில்லை. மறுபடி இழுத்தார். நீல வானின் ஜன்னல்களில் முகங்கள் வரிசையாகத் தெரிந்தன. எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"இருட்டு," என்று சிரித்துக்கொண்டு அவர் திரும்பி வந்தபோது, எங்கள் வானின் சாரதிக் கதவுக்கு முன்னால் நான் நின்றேன். எப்படிப் போய் நின்றேன் என்று தெரியாது.

"அண்ணை, நீங்கள் ஓடக்கூடாது."

அவரை நான் அதுவரை தலைவர் என்றே அழைத்திருந்தேன். அவர் முகத்திலிருந்து சிரிப்பு மெல்லப் போனது.

"ஆர் சொல்லுறது?"

"நான் சொல்லுறன்."

"மந்திரிசபை முடிவோ?"

திரும்பிப் பார்த்தேன். பொருளாளர் குனிந்து வானின் பின்சக்கரத்தை வெகு அக்கறையோடு ஆராய்ந்துகொண்டிருந்தார். பல் வைத்தியர் விரிந்த குடையை மடக்கி மறுபடி விரித்தார்.

"ஓம். மந்திரிசபை முடிவு."

"அப்ப மேலை இருக்கேக்கை ஏன் ஒருத்தரும் சொல்லேல்லை? இப்பதானே என்னைப் போசகராக்கினனீங்கள்?"

"அதாலைதான் அண்ணை ஆக்கினது."

அவர் என்னை உற்றுப் பார்த்தார். மழைத்துளி கண்ணாடியில் வழிந்தது. வானுக்குள்ளே இருந்து ஒரு கிழவி ஜன்னலைத் தட்டிக் கத்தினார்: "என்ன, பார்லிமெண்ட் இன்னும் கலையேல்லையோ? குளிருது! கதையை உள்ளுக்கை இருந்து கதையுங்கோ!"

"தம்பி, என்ன காரணம்?" அவர் குரல் இறங்கியிருந்தது. "போன கிழமை ரவுண்டபவுட்டிலை எஞ்சின் நிண்டதுக்கோ? அது பழைய வான், நிக்கும்தானே."

"எஞ்சின் நிக்கேல்லை அண்ணை."

"நிண்டது."

"நான் பக்கத்திலை இருந்தனான். நீங்கள்தான் நிப்பாட்டினனீங்கள். கையை எடுத்துப் போட்டு, ஆரை ஏத்தப் போறம் எண்டு என்னைக் கேட்டனீங்கள். எல்லாரும் ஏறித்தான் இருந்தவை. லொறி ஒண்டு தட்டப் பார்த்தது."

அவர் உதடு அசைந்தது. மறுக்கப் போகிறார் என்று நினைத்தேன். என்னைத் தள்ளிக்கொண்டு ஏறினால் என்ன செய்வது என்று கதவின் பிடியைப் பற்றிக்கொண்டேன். அவர் என்னைவிடப் பலசாலி, அப்போதும்.

"சத்தியமாவோ?" என்றார்.

"ஓம் அண்ணை."

"உள்ளுக்கை இருக்கிறவைக்குத் தெரியுமோ?"

"அவை பயந்துபோச்சினம். ஆனால் வெளியிலை ஒருத்தரும் ஒரு சொல் சொல்லேல்லை. உங்களிலை இருக்கிற மரியாதையிலை."

அவர் ஜன்னல்களைப் பார்த்தார். உள்ளே முகங்கள் சட்டென்று வேறுபக்கம் திரும்பின. அதைப் பார்த்ததும்தான் அவர் நம்பினார் என்று நினைக்கிறேன். சாவியை என் கையில் தரவில்லை. வானின் எஞ்சின் மூடியின் மேல், மழையில், வைத்துவிட்டு மறுபக்கம் சுற்றிப்போய் முன்சீட்டில் ஏறினார். பெல்ட்டைப் போட்டுக்கொண்டார்.

"நீர் வானை ஓடும். நான் வழி சொல்லுறன்."

அப்படியே சொன்னார். சில திருப்பங்கள் சரி. சில இடங்களில் தவறான தெருவைக் காட்டினார். அப்போதெல்லாம் நான் சரியான தெருவுக்கே திருப்பினேன். அவர் அடுத்த திருப்பத்தைச் சொல்லத் தொடங்கினார். ஒவ்வொருவரும் இறங்கும்போது வழக்கம்போல, "போட்டு வாறம் தலைவர்," என்றார்கள். அவரும் ஒவ்வொருவருக்கும் கை காட்டினார்.

கடைசியில் அவர் வீடு. அக்கா கதவைத் திறந்தார். வானின் சாரதிக் கதவால் நான் இறங்குவதைக் கண்டதும் அவர் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டார்.

"இண்டைக்குத் தம்பிதான் ஓடினவர்," என்றார் தலைவர், சப்பாத்தைக் கழற்றியபடி. "வெயில் கண்ணுக்கை அடிச்சது. எனக்கு ஓட ஏலாமல் போச்சு."

அவர் தோளிலிருந்து மழைத்தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அது மானம் காக்கச் சொன்ன பொய்யா, இல்லை அவருக்கு அந்த நேரத்தில் உண்மையிலேயே வெயில் அடித்ததா, எனக்குத் தெரியவில்லை. இன்றைக்கும் தெரியாது. கார் நிறுத்துமிடத்தில் வந்த துணிவில் மிச்சம் ஏதும் என்னிடம் இருக்கவில்லை. இருந்திருந்தாலும் அதை அங்கே செலவழித்திருக்க மாட்டேன்.

"ஓம் அக்கா," என்றேன். "சரியான வெயில்."

அக்கா என் நனைந்த தலையைப் பார்த்தார். "சாவி?" என்று உதட்டால் மட்டும் கேட்டார். நான் கோட்டுப் பையைத் தொட்டுக் காட்டினேன். அவர் கண்ணை மூடித் திறந்தார்.

வானுக்குத் திரும்பி நடக்கும்போது உள்ளேயிருந்து தலைவரின் குரல் கேட்டது. சபையில் பேசுகிற அதே குரல்.

"தம்பி, அடுத்த கிழமை என்னை முதலாவதா வந்து எடும். முன்சீட்டை வேறை ஆருக்கும் குடுத்துப்போடாதையும்."