கண்ணாடிக்குள் எங்கள் இடிக்கல்

இன்று கிருஷ்ணகிரி காட்சிக்கூடத்தில் முனை உடைந்த ஒரு கறுப்புக் கல்லைப் பார்த்ததும் கண்ணாடியில் கை வைத்துவிட்டேன்.

"தொடாதீங்க பாட்டிம்மா. புதிய கற்காலத்துக் கோடாலி அது" என்றார் காவலர்.

வேப்பனப்பள்ளியில் எங்கள் கொல்லை மரத்தடியில் சாமியாக இருந்த கல் அது. இடியோடு விழுந்ததென்று இடிக்கல் என்போம். ஜுரம் வந்தால் அதைக் கழுவிய தண்ணீரைக் குடிக்கக் கொடுப்போம்.

1950களில் தொல்பொருள் துறை அதிகாரி ஒருவர் அதை எடுத்துப் போனார். அந்த மாதமே தம்பிக்கு ஜுரம். அம்மா கல் இருந்த குழியில் தண்ணீர் ஊற்றி, அதை எடுத்துப் புகட்டினாள். அவன் பிழைக்கவில்லை.

இதைக் காவலரிடம் சொன்னேன்.

"கல்லு கழுவின தண்ணிக்கு ஜுரம் போகுமாங்க?" என்று கேட்டார் அவர்.

"போகாதுன்னு எனக்குத் தெரியுதுப்பா. எங்கம்மாவுக்குக் கடைசி வரைக்கும் தெரியலயே."

அந்த அதிகாரியின் வீட்டார் யாராவது இந்தப் பதிவைப் படித்தால் பதில் போடுங்கள். எனக்கு மனசு இன்னும் ஆறவில்லை.