புது வெர்ஷனில் வந்த முட்டை

ஆறாம் மாதத்தில் என் குழந்தை வயிற்றிலேயே இறந்துபோனது. சிதம்பரம் ஆஸ்பத்திரியிலிருந்து நேராக முதுநகருக்கு, அம்மா வீட்டுக்குக் கூட்டி வந்துவிட்டார்கள். பார்க்க வந்தவர்கள் எல்லோரும் சாத்துக்குடியோடு வந்தார்கள், காய்ச்சல்காரியைப் பார்க்க வருவதுபோல. "சின்ன வயசுதான, அடுத்தது தங்கிடும்" என்றார்கள். தலையாட்டினேன். சோறு வைத்தால் தின்றேன், படு என்றால் படுத்தேன். மனம் மரத்துக் கிடந்தது.

பாலிடெக்னிக் படித்துக்கொண்டிருந்த தம்பி கம்ப்யூட்டரில் ஒரு விளையாட்டு வைத்திருந்தான். விநோதப் பிராணிகளைப் பிடித்து, வளர்த்து, சண்டைக்கு விட வேண்டும். கல்யாணத்துக்கு முன்னால் கீபோர்டுக்காக நாங்கள் அடித்துக்கொண்டதெல்லாம் இதற்குத்தான். இப்போது பிரவுசிங் சென்டரிலிருந்து புது வெர்ஷனை சிடியில் போட்டு வந்திருந்தான். என் முகத்தைப் பார்க்காமல் திரையைப் பார்த்துக்கொண்டே சொன்னான்.

"இதுல பகல், ராத்திரி எல்லாம் வருதுக்கா. ராத்திரில மட்டும் வர்ற ஆந்தை ஒண்ணு இருக்கு. அப்புறம் புதுசா முட்டை..."

அதோடு நிறுத்திக்கொண்டான். காது சிவந்துவிட்டது.

"முட்டை இன்னா ஆவும்?" என்று கேட்டேன்.

"கூட வச்சிக்கினு நடந்தா பொரிக்கும். நான் அத கேமுக்குள்ள இருக்கிற பொட்டியில போட்டு வச்சிட்டேன். வேணாம்க்கா."

"வெளிய எடு."

அம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்து, "ஒடம்பு இருக்கிற இருப்புல இன்னாடி ஆட்டம்?" என்றாள். நான் கீபோர்டை என் பக்கம் இழுத்துக்கொண்டேன். அம்புக்குறியை அழுத்திக்கொண்டே இருந்தேன். பெண்ணாகவும் ஆடலாம் என்பது இதில் புதுசாம். திரையில் அந்தப் பெண் ஒரே சாலையில் மேலும் கீழும் நடந்தாள். சண்டைக்கு வந்த பிராணிகளிடமிருந்தெல்லாம் ஓடினேன். பொரிக்க வேண்டும் என்ற ஆசைகூட எனக்கில்லை, விரல்தான் நடந்தது. தம்பி கிளாஸுக்குப் போகாமல் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தான்.

மறுநாள் மதியம் முட்டை உடைந்தது. பெரிய காதோடு ஏதோ ஒரு குட்டி. பெயர் வைக்கிறாயா என்று திரையில் கேட்டது.

ஆஸ்பத்திரியில் பெண் குழந்தை என்று மட்டும் சொன்னார்கள். துணியில் சுற்றி வீட்டுக்காரரும் மாமனாரும் வாங்கிக்கொண்டு போனார்கள். என்ன பெயர் வைக்க நினைத்திருந்தேன் என்று ஒருவரும் கேட்கவில்லை. அவர்கூடக் கேட்கவில்லை.

ஒவ்வோர் எழுத்தாகத் தேடி ஆங்கிலத்தில் அடித்தேன். தம்பி வாய்க்குள் படித்துப் பார்த்தான். யாருடைய பெயர் என்று அவன் கேட்கவில்லை.

கொஞ்ச நேரம் கழித்து, "சேவ் பண்ணிடவாக்கா?" என்றான்.

"பண்ணுடா" என்றேன். "கரண்ட் போறதுக்குள்ள பண்ணு."